நானூற்று மூன்றாம் நாள்

துவளம் என்று பேர் வைத்தேன் அந்த உலகத்துக்கு.
இரண்டு நிலா.
பெரியது முப்பத்தோரு நாளில் சுற்றி வரும்.
சின்னது நொண்டி,
ஆனாலும் பதின்மூன்றே நாளில்
மூச்சிரைக்க வந்து சேர்ந்துவிடும்.

இதெல்லாம் நடந்தது ஆம்பூரில்,
மே மாதம், தகரக் கூரைக்குக் கீழே,
ஃபேன் அனலைக் கரண்டி போட்டுக் கிண்ட,
பனியில் நடக்கிற பூட்ஸுக்கு
உள்ளே மயிர்த்துணி ஒட்டிக்கொண்டிருந்தபோது.
சுவரில் ஆர்டர் சீட்டு:
குளிர்காலம், எட்டாயிரம் ஜோடி.
ஜன்னலில் பாலாறு:
மணல், சீமைக்கருவேலம், நிழல் தேடும் ஒரு நாய்.

வீணான அளவுச் சீட்டுகளின் முதுகில்
கணக்குப் போட்டேன்.
தோலில் குறி வைக்கிற வெள்ளிப் பேனா;
வெளிச்சத்தில் சாய்த்தால்தான் எழுத்து தெரியும்.

வடக்கே பெரிய நிலாக்காரர்கள்,
அவர்கள் வருஷத்தில் பதின்மூன்று மாதம்.
தெற்கே நொண்டியை நம்பினவர்கள்,
அவர்களுக்கு முப்பத்தொன்று.
மாதப் பேரெல்லாம் மனப்பாடம் ஆவதற்குள்
பிள்ளைகளுக்குப் பால்பல் விழுந்து முளைத்துவிடும்.
இரு பக்கமும் கல்யாணத் தேதி பேச உட்கார்ந்தால்
பாக்குத்தட்டு பறக்கும்.
நானூற்று மூன்றாம் நாள் மட்டும்
இரண்டு நிலாவும் ஒரே மலைமேல்.
அன்றைக்கு யாரும் தேதி சொல்லக் கூடாது.
தேதி இல்லாததால்
வட்டியும் கிடையாது.

அதை எழுதியபோது எனக்கே கொஞ்சம் பெருமை.

தபஸ்ஸும் பக்கத்து மெஷின்.
வாய் ஓடினாலும் ஊசி நிற்காது அவளுக்கு.
"எங்க ரம்ஜானு வருஷா வருஷம்
பத்துப் பதினொரு நாள் முன்னாடியே நடந்து வருது,
உன் நிலா இன்னா பெரிய அதிசயம்?" என்றாள்.
நூலைப் பல்லால் அறுத்தபடி,
"அங்க சம்பளம் எப்போ போடுவாங்க?"

யோசிக்கவே இல்லை நான்.
மலை வைத்தேன், எரிகிற கடல் வைத்தேன்,
பறவைகளுக்குத் தனியாக ஒரு பண்டிகை வைத்தேன்,
சம்பளத்தை மறந்திருக்கிறேன்.
மாதத்துக்கு ஒன்று என்றால்
தெற்கத்தியானுக்கு முப்பத்தொரு தடவை.
வடக்கே முணுமுணுப்பு எழுந்தது.
சாப்பாட்டு மணி அடிப்பதற்குள்
போரே வந்துவிட்டது,
ஆற்றங்கரையில் இரண்டாயிரம் பேர் செத்தார்கள்.
அவசரமாக எல்லாருக்கும்
வாரக்கூலி ஆக்கினேன்.

மத்தியானம் இன்னொரு ஓட்டை.
சூரியன்.
முதல் சீட்டிலேயே அதற்கு
நானூற்று இரண்டரை நாள் என்று எழுதியிருக்கிறேன்,
ஏதோ ஓர் அழகுக்காக.
மாற்றியிருக்கலாம், என் உலகம்தானே.
ஆனால் வெள்ளி மை அழியவில்லை,
சுரண்டினால் சீட்டு கிழிகிறது.
அரை நாள், அரை நாளாய் வருஷம் நழுவி
நானூறு வருஷம் போனால்
பனி மாதம்
நடுக்கோடையில் வந்து உட்கார்ந்திருக்கும்.

ஐயோ பாவம் அந்தக் காலத்து ஜனம்,
கொளுத்துகிற வெயிலில்
மயிர்த்துணியை மடியில் போட்டுக்கொண்டு
என்ன பண்ணுவார்கள் என்று
நிஜமாகவே வருத்தப்பட்டேன்.

மூக்கு நுனியிலிருந்து ஒரு சொட்டு வியர்வை
மயிர்த்துணியில் விழுந்தது.
தபஸ்ஸும் சீட்டைப் பார்த்தாள், சுவரைப் பார்த்தாள்,
என்னைப் பார்த்தாள்.
சிரிப்பில் அவள் தையல் கோணிவிட்டது,
ஒன்றரை அங்குலம் பிரித்துத் தைக்க வேண்டியதாயிற்று.

சூப்பர்வைசர் தினகரன் வந்து,
"எதுக்கும்மா இந்தச் சீட்டெல்லாம்?"
அளவு சரிபார்க்கிறேன் என்றேன்.
பொய்யில்லை.

ஷிஃப்ட் முடிய ஒரு ஜோடி பாக்கி.
இடது கால், அளவு முப்பத்தெட்டு.
உள்ளட்டை ஒட்டுவதற்கு முன்னால்
குதிகால் விழுகிற இடத்தில்
துவளத்துத் தேதியை எழுதினேன்,
வடக்கு வழக்கில் ஒரு வரி, தெற்கு வழக்கில் ஒரு வரி.
பசை காயட்டும் என்று ஊதினேன்.

வலது காலில் ஒன்றும் எழுதவில்லை.
அது அந்த நானூற்று மூன்றாம் நாளுக்கு.