கவரேஜ் இல்லாத இடம்

பதினெட்டாவது கொண்டை ஊசி வளைவுக்கு மேலே,
சில்வர் ஓக்குகளைத் தாண்டி நிற்கும் டவர்
நேற்றைய காற்றில் செத்துப்போனது.
மூன்று நாற்பதுக்கு ஏறினேன்.
இடுப்பில் பெல்ட், வாயில் டார்ச்,
பையில் அஸ்தம்பட்டியில் கட்டிய தட்டுவடை செட்
நமுத்துப்போய்.

பியூலா அக்காவுக்கு என் வேலை பிடிக்காது.
கனடாவில், பென்டிக்டனில் இருக்கிறாள்.
அங்கே ஒரு பள்ளத்தாக்குக்குள்
போனை அணைத்துவிட்டுத்தான் போகவேண்டும்.
சுற்றிலும் மலை,
காதுக்குப் பின்னால் குவித்த கை மாதிரி.
நடுவில் நான்கு தொட்டிகள்.
"கழுநீர்த் தொட்டியா?" என்றேன்.
"பாதியாய்ப் பிளந்த குழாய்டா. அசையாது.
வானம்தான் அதுமேல நடந்து போகும்."
எங்கிருந்தோ ஒரு கத்தல் வருமாம்,
கண் சிமிட்டும் நேரம்கூட இருக்காது.
சில கத்தல்கள் பூமிக்கே மூத்தவை.
பக்கத்தில் என் டவர் ஒன்று இருந்தால்
மாரியம்மன் பண்டிகை மைக்செட்டுக்கு அடியில்
நாடி பார்த்த கதைதான் என்பாள்.

கோபம் வந்தால் சரித்திரம் பேசுவாள்.
விக்டோரியா குன்றின் தொலைநோக்கிக்கு
பெல்ஜியத்தில் வார்த்த ஆறடிக் கண்ணாடி
உலகப்போர் வெடிக்கச் சில நாளே இருக்கையில்
கப்பலேறித் தப்பியதாம்.
"ஒரு கண்ணாடியக் காப்பாத்துனாங்க.
நீங்க ஒரு ராத்திரியக் காப்பாத்தல."
அப்பா வெட்டிய வெள்ளைக்கல்
எந்தெந்த உலைக்குப் போனதென்று
அவளும் கேட்டதில்லை, நானும் கேட்டதில்லை.

உச்சியில் கேபிளை முடுக்கிவிட்டுத் திரும்பினேன்.
தினமும் சேலம் கவிழ்த்த தணல் சட்டி,
ஜங்ஷன், பைபாஸ், ஸ்டீல் பிளான்ட்,
அதற்குமேல் வெளுத்துப்போன வானம்.
இன்று பனி ஏறி ஊரை விழுங்கியிருந்தது.
நட்சத்திரங்கள்
எண்ண ஆரம்பித்தால் கால் வழுக்கும் அளவுக்கு.

இறங்கி, பிரேக்கரில் கை வைத்தேன்.
போடவில்லை.
எஸ்டேட் நாய் ஒன்று குரைத்து ஓய்ந்தது.
காப்பிச் செடியிலிருந்து சொட்டு விழுந்தது.
எதுவும் கேட்கவில்லை,
எனக்கெங்கே கேட்கும்?
ஆனாலும் நின்றேன், பத்து நிமிஷம்,
வேலை நேரத்தில்.

நாகலூரில் யாருக்காவது
வலி எடுத்திருக்கலாம் என்று தோன்றியது.
போட்டேன்.

பச்சை விளக்கு.
பையில் போன் துள்ளியது.
அவளுக்கு இன்னும் நேற்றைய மதியம்.
ஏழு தவறிய அழைப்பு, ஒரு மெசேஜ்:
"எங்கடா போய்த் தொலஞ்ச?
எவ்வளவு நேரமா லைனே கிடைக்கல."