கம்பி இருந்ததா

கேடிசி நகர், மூன்றாம் மாடி.
மசூதின் மகன் ஷார்ஜாவிலிருந்து அனுப்பிய டிவி
சுவரை முழுசாகத் தின்றுவிட்டு
காலண்டரைக் கதவுக்குப் பின்னால் துரத்தியிருக்கிறது.
தட்டு சுழல்கிறது.
குங்ஃபூ கோயிலின் படிக்கட்டு
ஈரத்தோடு வந்து நிற்கிறது கூடத்தில்.

தென்காசித் தியேட்டரில் இதே படிக்கட்டில்
படம் முழுக்க மழைதான், கோடு கோடாய்.
வில்லன் முகம் கறுப்பு, நாயகன் முகம் வெளுப்பு,
மிச்சமெல்லாம் ஊ, ஹா.
ஒரே தாவலில் மதில் ஏறினான் அவன்.
கம்பி கட்டித்தாம்லே இழுக்கான் என்றேன்.
கம்பியாவது மயிராவது என்றான் மசூது.
சைக்கிள் ஸ்டாண்டில் முடிந்தது விவாதம்,
என் முன்பல்லில் பாதியோடு.

முப்பத்தெட்டு வருஷம்.
இடையில் அவனுக்கு நெஞ்சைப் பிளந்து தைத்தார்கள்.
லாரி டயர் கழற்றிக் கழற்றி
எனக்கு இடுப்பு போனது.
கம்பி விஷயம் மட்டும் முடியவில்லை.

இப்போது எல்லாம் தெரிகிறது.
தாடி ஒட்டிய பசை.
துறவியின் புஜத்தில் அம்மை குத்திய தழும்பு.
ஆயிரம் வருஷத்துக்கு முந்திய மலையில்
ஊர்ந்து போகிற ஒரு பஸ்.
கன்னத்தில் மச்சமுள்ள ஒருவன்
சந்தையில் குத்துப்பட்டுச் சாகிறான்,
பாலத்திலிருந்து விழுந்து சாகிறான்,
வேறு சட்டையில் வந்து மறுபடியும்.
"ஏல கொம்பையா, இவன் அப்பவும் செத்தாம்லா?"
அன்று எங்களுக்கு அவன் வெறும் கூட்டம்.

மதில் வந்தது.
மசூது நிறுத்தி, ஒவ்வொரு ஃபிரேமாய் நகர்த்தினான்
தஸ்பீஹ் மணி உருட்டுகிற நிதானத்தில்.
அந்தரத்தில் கால்.
அந்தரத்தில் செருப்பின் அடித்தையல்.
மேலே வானம், கழுவிக் கவிழ்த்த பீங்கான்.

காப்பி கொண்டுவந்த ஷமீலா சொன்னாள்:
"கம்பி கிம்பி இருந்தா
கம்ப்யூட்டர்ல அழிச்சிருப்பாங்க மாமா."
அப்போ இருந்துச்சாம்மா?
"இருந்திருந்தா அழிச்சிருப்பாங்க.
இல்லாட்டி இல்ல."

நாக்கு தானாகப் போய்
உடைந்த பல்லின் ஓரம் தடவியது.
மசூது அதைப் பார்த்துவிட்டு
ரிமோட்டைப் பார்த்தான்.

பின்னோக்கி ஓட்டினான்.
தாவலுக்குக் கொஞ்சம் முன்னே,
யாரும் பார்க்கச் சொல்லாத இடத்தில்
அவனுடைய இடது குதிகால் நடுங்குகிறது.
கம்பியில் தொங்கப்போகிறவனுக்கும் நடுங்கும்தான்.
கம்பி இல்லாதவனுக்கும்.

காப்பி ஆடை கட்டிவிட்டது.
"ஓட்டுலே" என்றேன்.
மச்சக்காரனுக்கு
இன்னொரு சாவு பாக்கியிருக்கிறது.