பதினொன்று நாற்பத்தொன்று

ஒரு தாளுக்கு இருபது சென்.
ஏ-மூன்று என்றால் ஐம்பது.
சற்குணன் எப்போதும் ஏ-மூன்றுதான்,
வியாழன் மாலை, மழை விட்டதும்,
குழலுக்குள் சுருட்டி, மார்போடு அணைத்து.

டத்தோ கெராமட் சாலையில் நகல் கடை வைத்திருப்பவளுக்கு
எல்லார் வாழ்க்கையும் ஒரு நிமிடம்
கண்ணாடியில் குப்புறக் கிடக்கும்.
மணமுறிவு, நிலப்பட்டா, இறப்புச் சான்று.
படிக்கக் கூடாது என்பது தொழில் தர்மம்.
படிப்பேன்.

அவனுடைய ஆஸ்பத்திரிச் சீட்டை அப்படித்தான் படித்தேன்.
எண்பத்தொன்று, டிசம்பர் முப்பத்தொன்று,
இரவு பதினொன்று நாற்பத்தொன்று.

அன்றிரவு பதினொன்றரைக்கு
தீபகற்பம் முழுக்கக் கடிகாரத்தைப்
பன்னிரண்டுக்குத் தள்ளினார்கள்;
சபா சரவாக்கோடு நமக்கும் ஒரே மணி வேண்டுமாம்.
பெரியாஸ்பத்திரி பிரசவ வார்டின்
சுவர்க் கடிகாரத்துக்கு யாரும் சொல்லவில்லை.
தாதி, பார்த்ததை எழுதினாள்.

'அப்படி ஒரு மணியே கிடையாதே' என்றார் பதிவிலாகாக்காரர்,
பிள்ளையை அல்ல, சீட்டைப் பார்த்து.
சான்றிதழில் வேறு எழுதினார்:
ஜனவரி ஒன்று, எண்பத்திரண்டு, பன்னிரண்டு பதினொன்று.
அடையாளக் கார்டிலும் அந்த ஆறு இலக்கம்தான்.
முப்பது நிமிடத்தில் ஒரு வருடம் இளையவன்.
ஜோசியர் இரண்டு கட்டம் போட்டு
இரண்டுக்கும் தனித்தனியாகக் காசு வாங்கினார்.
ஒன்றில் கடல் தாண்டுவான். மற்றதில் கணக்கில் புலி.

எதுவும் பலிக்கவில்லை. புவியியல் படித்தான்.
பல்கலைக்கழகத்தில் ஆறு வருடம் பாடம் எடுத்தான்.
ஆற்றின் படுகையைக் கேட்டால்
அரைமணியின் படுகையை விளக்கினானாம்.
ஒப்பந்தத்தை நீட்டிக்கவில்லை.
இப்போது ஜெலுத்தோங்கில் டியூஷன்,
ராத்திரியில் வரைபடம்.

நீல மை, நாம் நடக்கும் தெரு.
காவி மை, அந்த அரைமணிக்குள் புகுந்து
வெளியே வராமலே வளர்ந்துவிட்ட பினாங்கு.
அங்கே பாலம் கட்டவில்லை.
மஞ்சள் படகுகள் இன்னும் விடிய விடிய ஓடுகின்றன.
கொம்தார் முப்பதாவது மாடியோடு நின்றுபோய்
மேலே யாரோ புறா வளர்க்கிறார்கள்.
ஒவ்வொரு தெருமுனையிலும் பொடி எழுத்தில் ஒரு மணி,
அத்தனையும் நம்முடையதைவிட முப்பது நிமிடம் பின்னே.

'இதெல்லாம் எப்படித் தெரியும்?' என்றேன் ஒருநாள்.
'தெரியாது. அளக்கிறேன்' என்றான்.
ஒருமுறைகூடச் சிரித்ததில்லை.
சில்லறை எண்ணும்போது மட்டும்
பத்து சென்னும் இருபது சென்னும் குழம்பிவிடும்,
முதலிலிருந்து ஆரம்பிப்பான்.

போன வியாழன் கொண்டுவந்தது தெருவல்ல.
ஒரு வகுப்பறை.
ஒன்றாம் வகுப்பு, எண்பத்தெட்டு.
எண்பத்தொன்றில் பிறந்தவர்கள் போனது.
இவனை மறுவருடம்தான் சேர்த்தார்கள்.
முப்பத்தொரு மேசை நீலம்,
கதவோரம் ஒன்று காவி.

இயந்திரத்தின் வெளிச்சம் ஒருமுறை போய்த் திரும்பியது.

நான் பங்குனியில் பிறந்தவள், எண்பத்தொன்று.
அந்தக் கரும்பலகையின் வெடிப்பு எனக்குத் தெரியும்.
அந்த வருடம் ஒரு மாதம் வரைக்கும்
பவளக்கொடி டீச்சர் காலையில் ஒரு பெயர் கூப்பிடுவார்.
அப்பா யாரோ ஆஸ்பத்திரிச் சீட்டைக் காட்டிப்
பதிந்திருக்க வேண்டும்.
'சற்குணன் த/பெ அப்பாவு.'
'வரலே டீச்சர்' என்று வகுப்பே பாடும்.
பிறகு அவர் கூப்பிடுவதை விட்டார்,
நாங்கள் மட்டும் சில நாள் விடாமல் பாடினோம்.
என் பக்கத்து நாற்காலியில்
வருடம் முழுக்க என் தண்ணீர் போத்தல் உட்கார்ந்திருந்தது.

இத்தனை வருடம் இவனுக்கு ரசீது எழுதியிருக்கிறேன்,
பெயரைக் கேட்டதே இல்லை, 'சார்' என்றே எழுதுவேன்.
சீட்டிலும் குழந்தையின் பெயர் இல்லை, தாயின் பெயர்தான்.
இன்றுதான் வரைபடத்தின் மூலையில் கையெழுத்தைப் பார்த்தேன்.

வாயைத் திறந்தேன். இயந்திரம் தாளைக் கடித்துக்கொண்டது.
மூடியைத் தூக்கி, உருளைக்கு அடியில் கைவிட்டு,
சூடாக, கசங்கலாக இழுத்தேன்.
விரலெல்லாம் கறுப்பு.

'கதவோரம் இல்லை' என்றேன். 'ஜன்னல்.'

அவன் சில்லறை எண்ணுவதை நிறுத்தினான்.