பட்டன்

மூணாவது தடவ ஸ்கூல்ல கூப்பிட்டப்போ
கணக்கப்பிள்ள அரைப்பேர் போட்டாரு.
நாலாவது தடவ ரெஜினா டீச்சரே
பதுளை ஆஸ்பத்திரிக்குத் துண்டு எழுதிக் குடுத்தாங்க.
அன்னைக்கு முழுப்பேரும் போச்சு.

ரெண்டு பஸ்.
ஹாலி-எலயில எறங்கி மாறினப்போ
சதுர்ஷன் என் முந்தானைய விடவே இல்ல.
நாலாம் வகுப்புக் கதிரைய
ஜன்னல் வழியா எறிஞ்ச அதே கை.

படிவம் சிங்களத்தில இருந்திச்சு.
குசுமா மிஸி தனக்குத் தெரிஞ்ச தமிழ்ல வாசிச்சாங்க:
புள்ளைக்கி கோவம் வாரது
அடிக்கடியா, சில நேரமா, இல்லவே இல்லையா?
மூணு கட்டம். ஒண்ணில சரி போடணும்.

கொழுந்து எத்தன கிலோ,
தண்ணிக்கு எவ்வளவு கழிச்சான், படங்குக்கு எவ்வளவு,
இதக் கேட்டிருந்தா டக்குனு சொல்லியிருப்பேன்.
ஒரு மாசம் ஒண்ணுமே இல்ல,
அப்புறம் ஒரு திங்கக்கிழம, பகல் சாப்பாட்டுக்குள்ள ரெண்டு தடவ.
அதுக்கு என்ன பேரு?
மிஸி பேனாவ ஆட்டிக்கிட்டே இருந்தாங்க.
அடிக்கடின்னு போட்டுட்டாங்க.

மத்த புள்ளைங்கள அடிக்கிறதா?
மொனிட்டரக் கடிச்சது உண்ம.
பல்லுத் தடத்த நானும் பாத்தேன்.
அதோட அம்மா புஷ்பகாந்தி
எனக்கு அடுத்த நெறையிலதான் கொழுந்தெடுக்கிறா.
அன்னையிலருந்து பேச்சில்ல.
அட்ட கடிச்சாக்கூட
என்கிட்ட உப்பு கேக்கிறதில்ல.

ஒளிஞ்சுக்கிறதா?
ஆமா, மேசைக்கு அடியில.
கூப்பிட்டா வரமாட்டான்.
அவங்கவங்க வேலையப் பாத்தா தானா வருவான்,
மொகம் கழுவின மாதிரி.
எறிஞ்சதையெல்லாம் அவனே பொறுக்குவான், எண்ணி.
மிஸி தாளத் திருப்பிப் பாத்தாங்க.
எண்ணிப் பொறுக்கிறதுக்குக் கட்டம் இல்ல.

வீட்டில ஏதாச்சும் நடந்திச்சான்னு டொக்டர் கேட்டாரு.
இருந்ததையெல்லாம் கொட்டினேன்.
அப்பா கொழும்பில கடையில நிக்கிறாரு, தீவாளிக்கு வருவாரு.
நான் கைநீட்டினது மூணு தடவ.
தம்பி பொறந்தான்.
மண்சரிவுக்குப் பயந்து
நாலு ராத்திரி கோயில்ல படுத்தோம்.
முனியாண்டிக்கு நேந்த சேவல மட்டும் சொல்லல.

இதில எதுங்க ஐயா?

தெரியலம்மான்னாரு.
ஒண்ணா இருக்கலாம், எல்லாமா இருக்கலாம்,
எதுவுமே இல்லாமலும் இருக்கலாம்,
வேணும்னு செய்யிறான்னு மட்டும் நெனைக்காதீங்கன்னாரு.
லயத்தில எல்லாருக்கும் தெரிஞ்சிருந்திச்சு.
வளப்பு சரியில்ல, காத்து கருப்பு, திமிரு.
தெரியலன்னு சொன்ன மொத ஆள் அவருதான்.
கூடைய எறக்கி வச்ச மாதிரி இருந்திச்சு.

எந்திரிக்கிறப்பத்தான் வாயில வந்திச்சு:
ஐயா, வரப்போகுதுன்னா எனக்குத் தெரியும்.
மேலருந்து ரெண்டாவது பட்டன்.
அதத் திருகுவான்.
காது செவக்கும், நூல் தளரும்.
பட்டன் கையோட வந்திருச்சின்னா
அப்புறம் யாராலயும் ஏலாது.

எவ்வளவு நேரம் திருகுவான்?

நாலஞ்சு பிடி கொழுந்து
கூடைக்குப் போற நேரம்.

அவரு திரும்ப ஒக்காந்து
கட்டத்துக்கு வெளிய, ஓரத்தில,
சின்ன எழுத்தில ரெண்டு வரி எழுதினாரு.

பஸ்ஸில கண்ணாடி பூரா பனி.
அதில வெரலால கோடு போட்டுக்கிட்டே கேட்டான்:
"எனக்கு என்ன வருத்தமாம்மா?"
பேர் இன்னும் வைக்கலடான்னேன்.
தம்பிக்கு வச்ச மாதிரி வைப்பாங்களான்னு கேட்டான்.

ரெஜினா டீச்சர் துண்ட ரெண்டு தடவ வாசிச்சாங்க.
"முப்பத்தெட்டுப் புள்ளைங்க,
நான் ஒரு பட்டனையா பாத்துக்கிட்டு நிப்பேன்?"
ஞாயந்தான்.
ஆனாலும் அவன் வாங்க
வாசல் பக்கம் இழுத்துப் போட்டாங்க.
கை பட்டனுக்குப் போனா
கேக்காமலே எந்திரிச்சு
பைப்படிக்குப் போலாமாம்.

புதன்கிழம பட்டனோட வந்தான்.
வியாழக்கிழம பட்டன் இல்ல.
ஜேப்பில தொழாவி எடுத்து
என் உள்ளங்கையில வச்சான்.
"எறியலம்மா"ன்னான்.
சட்ட நெஞ்சு வரைக்கும் ஈரம்.

வெள்ளிக்கிழம திரும்பக் கூப்பிட்டாங்க.
அரைப்பேர்.
மலையிலருந்து எறங்கிறப்போ
புஷ்பகாந்தி நிமிந்து பாத்தா,
என்னன்னு கேக்கல,
என் நெறையில விட்டுப்போன கொழுந்துக்குக்
கைய நீட்டினா.