பெர்மிட் தாளின் பின்பக்கம்

குழாய் சுமக்கையில்
இருவரும் ஒரே காலை எடுத்து வைத்தால்
குழாய் துள்ளும், தோளை அடிக்கும்.
முன்னவன் வலது, பின்னவன் இடது என்றால்
பூனைபோல் படுத்துக்கொள்ளும்.
ஆகவே சேர்ந்து நடப்பது என்பது
ஒன்றுபோல் நடப்பதல்ல
என்று எழுதினேன்.
பக்கத்தில் ஒரு கேள்விக்குறியும் போட்டேன்.

ருவைஸில் இரவு ஷிப்ட்.
படுத்துக் கிடக்கும் கோபுரம் தொண்ணூற்றாறு டன்.
நிமிர்த்த இரண்டு கிரேன்.
காற்று குறையட்டும் என்று உட்கார்ந்திருக்கிறோம்.

தலைக் கிரேனில் குல் ஜமீன், சுவாத் பக்கம்.
வால் கிரேனில் ரொடெல், ஏதோ ஒரு தீவு.
கயிறு பிடிக்க டேக் பகதூரும் மொஃபிசுலும்.
நடுவில் பச்சைச் சட்டையோடு
சிக்னல்காரன் நான்.
ஐந்து பேருக்கும் பொதுவாக
ஒரு முழு வாக்கியம் கிடையாது.
இருப்பதெல்லாம்
ஹபேஸ் என்றால் ஏற்று, ஆரியா என்றால் இறக்கு,
ஷ்வை ஷ்வை, பஸ்.
ஆரியா எங்கள் ஊர்ச் சொல் என்கிறான் ரொடெல்.
கராச்சித் துறைமுகத்தது என்கிறான் குல் ஜமீன்.
நானோ அதைத் தூத்துக்குடிச் சொல் என்றே
முப்பது வயதுவரை நம்பியிருந்தேன்.
சொந்தக்காரன் இல்லாத சொல்லை வைத்து
ஒருவனும் பொய் சொல்லிப் பார்த்ததில்லை.
(சரிபார்க்கவில்லை. தோன்றியது.)

ஒன்று பத்துக்குக் காற்று அடங்கியது.

ஹபேஸ் ஹபேஸ் ஹபேஸ்
என்று நான் ஓதிக்கொண்டே இருக்க வேண்டும்.
என் குரல் ஓடும்வரை கிரேன் ஓடும்.
குரல் அறுந்தால் நிற்கும்.
விதி அது, அதில் அதிசயமில்லை.
கோபுரம் பாதி நிமிர்ந்தபோது
ரேடியோவில் பேட்டரி செத்தது.
முஷ்டியை நான் உயர்த்துமுன்
இரண்டு கிரேனும் நின்றிருந்தன.
சரி.
ஆனால் டேக்கிடம் ரேடியோ இல்லை,
மொஃபிசுலிடமும் இல்லை,
எனக்கு முதுகைக் காட்டி நின்றவர்கள்.
அவர்களும் அதே நொடியில்
குதிகாலை மணலில் ஊன்றிவிட்டார்கள்.
எப்படி என்று கையாலே கேட்டேன்.
டேக் கயிற்றைக் காட்டினான்.
கயிறு சொன்னதாம்.

கேள்விக்குறியை அடித்துவிட்டு
மறுபடியும் போட்டேன்.

மூன்று நாற்பதுக்குக் கோபுரம் நேராக நின்றது.
போல்ட் ஒவ்வொன்றும் தன் துளையைத் தானே தேடிப் போனது.
பஸ்ஸில் திரும்பும்போது
ஏசி வேண்டும் என்று இருவர், வேண்டாம் என்று இருவர்.
முகாம்வரை சண்டை.
தொண்ணூற்றாறு டன்னுக்குப் போதுமான சொற்கள்
இதற்குப் போதவில்லை.

ஐந்து மணிக்குப் பேச்சிக்கு போன் போட்டேன்.
எங்களுக்கு ஒரே மொழி, ஒரே தெரு,
கல்யாணமாகிப் பதினோரு வருஷம்.
இடையில் அரை நொடி தாமதம், அவ்வளவுதான்.
நான் 'அந்த' என்று எடுக்கையில்
அவள் 'இந்த' என்று எடுக்கிறாள்.
இரண்டு பேரும் நிறுத்துகிறோம்.
நீ சொல்லு.
இல்ல, நீங்க சொல்லுங்க.
அவையும் ஒன்றாகக் கிளம்பி
கடலுக்கு மேல் எங்கோ முட்டிக்கொள்கின்றன.
அதற்குப் பிறகு வருகிற மௌனத்துக்கு
அவள் கணக்கில் கோபம் என்று பொருள்,
என் கணக்கில் நெட்வொர்க்.

கயிறு ஏதும் இல்லை பிடித்துப் பார்க்க.

அவள் போனை அலமாரியில் சாய்த்துவிட்டு
வெங்காயம் அரியத் தொடங்கினாள்.
கத்தி பலகையில் படும் சத்தம்
சீராக வந்தது.
அதன் இடைவெளிகளில் பேசப் பழகினேன்.
தூக்கிய கோபுரத்தைச் சொன்னேன்.
மொஃபிசுலின் பல்வலியைச் சொன்னேன்.
கம்பெனி இந்த மாதமும் சம்பளத்தைத்
தள்ளிப்போடும் என்று சொன்னேன்.
உன்னை நினைத்துக்கொண்டேன் என்றும்
ஒரு மூச்சில் சொல்லிவிட்டேன்.

ம், என்றாள்.

அரை நொடி பிந்தி வந்த அந்த 'ம்'
எந்த வாக்கியத்துக்கு என்று தெரியவில்லை.
எனக்கு வேண்டிய இடத்தில்
அதை வைத்துக்கொண்டேன்.