உரிய நீதிமன்றம்

வக்கீல் மரியநேசன் முதலில் கேட்டது
எவ்வளவு வாங்கினாய் என்றல்ல,
எங்கே கிடக்கிறது நிலம் என்று.

தாண்டிக்குடியில்.
மேல்பக்கம் காபி, ஓடையோரம் ஏலம்,
நடுவில் ஒற்றைப் பலா, அதன்மேல் மிளகு.
நான்கெல்லையும் பத்திரத்தில் இருக்கிறது.
வடக்கே அரசு வனம் என்று எழுதியவர்
அங்கிருந்து இறங்கும் காட்டுமாட்டை
எழுதாமல் விட்டார்.

பணம் வாங்கியது பட்டிவீரன்பட்டியில்,
தனுஷ்கோடியின் காபிக் கிட்டங்கியில்,
தராசுக்குப் பக்கத்தில் நின்றபடி.
என் கட்டைவிரல் மையைக் கணக்கப்பிள்ளை
சாக்குத் துணியால் துடைத்துவிட்டான்.
அந்த ஒன்றுக்கு மட்டும் வட்டி இல்லை.

அவர் பிராது போட்டது நிலக்கோட்டையில்.
கொடுத்தது என் கடையில்,
கேட்பதும் என் பக்கத்துக் கோர்ட்டில் என்றார்.
வெறும் நோட்டுக் கடனென்றால் சரிதான்,
மரியநேசன் எழுந்தார்,
பணத்துக்குக் கால் உண்டு,
கைமாறிய ஊரிலும் கேட்கலாம்,
வாங்கினவள் குடியிருக்கும் ஊரிலும் கேட்கலாம்.
இது அடமானம்.
நிலம் எழுந்து வராது.
வழக்குதான் அதைத் தேடி நடக்க வேண்டும்.

ஏழு வாய்தா.
ஏழு முறை விடியற்காலை பஸ்,
வளைவுக்கு வளைவு ஜன்னலில் தலைநீட்டும்
யாரோ ஒருவர் பிள்ளை.
எட்டாவதில் நீதிபதி நிமிராமல் சொன்னார்:
இம்மன்றத்துக்கு அதிகாரம் இல்லை,
பிராது திருப்பப்படுகிறது,
உரிய நீதிமன்றத்தில் தாக்கல் செய்க.

ஜெயித்துவிட்டோமா என்றேன்.
காகிதம் மலையேறுகிறது, அவ்வளவுதான் என்றார்.
எனக்கு அதுவே போதுமாயிருந்தது.
கொடைக்கானல் கோர்ட் வராந்தாவில்
தனுஷ்கோடி மஃப்ளரைக் காதுவரை இழுத்து நிற்பதை
நினைத்து நினைத்து
இரண்டு வடை கூடுதலாகத் தின்றேன்.

மேலே சிரஸ்தார் கூட்டிப் பார்த்தார்.
இடம் எது, இடம் எது என்று
நாங்கள் பேசிக்கொண்டிருந்த இரண்டு வருஷமும்
வட்டி வாய்திறக்காமல் வேலை பார்த்திருக்கிறது.
முன்சீப் விசாரிக்கும் தொகை இல்லை இது.
சப் கோர்ட்டுக்குப் போங்கள்,
பழனிக்கு.
கடன் ஏற ஏற
நாம் இறங்க வேண்டுமாம்.

பழனிக்குப் போயும் மலையேறாமல் திரும்புகிறவள்
நான் ஒருத்திதான் என்றிருந்தேன்.
டீக்கடை பெஞ்சில் தனுஷ்கோடி,
முழங்காலைத் தேய்த்துக்கொண்டு.
இவ்வளவு அலைந்தாயிற்று செல்லக்கண்ணு,
கடைசியில் ஏலம்தான் என்றார்,
கோபமில்லாமல்,
நகர்ந்து இடமும் விட்டார்.

எங்கள் பக்கம் ஏலம் என்றால்
தூர்விட்டு எழும், நிழல் கேட்கும்,
மழை தப்பினால் பூ உதிர்க்கும்.
கீழே அதே சொல்லுக்கு
ஒரு தரம், ரெண்டு தரம்.

வக்கீலுக்கென்று கொண்டுவந்த காய்
மடியில் முடிச்சாக இருந்தது.
அவர் டீயில் ஒன்றை நசுக்கிப் போட்டேன்.
குடித்தார்.
அடுத்த வாய்தா பதினேழாம் தேதி.
அன்றைக்குத்தான் காபிப் பழம் எடுக்க
ஆள் சொல்லியிருக்கிறேன்.