எழுத்து அட்டை

சம்பள ராத்திரி.
பீடோர் சடக்கோரம், புகைக்கொட்டகைக்குப் பின்னால் படம்.
இருபது காசு. மடியில் பிள்ளை என்றால் சும்மா.
இயந்திரம் சுற்றுகிறவன் ஆ லோய்.
டென்மார்க் படம் என்றான்,
பெட்டியில் ஒட்டியிருந்த தாளைப் பார்த்து.

இடையிடையே வரும் எழுத்து அட்டைகளைப் படித்து
உரக்கத் தமிழில் சொல்வது என் வேலை.
சின்னக் கிராணிக்கு வெள்ளைக்காரன் எழுத்து
எல்லாம் தெரியும் என்று தோட்டமே நம்பியது.
ஓ எழுத்தின் குறுக்கே ஒரு கோடு.
அதற்கு என்ன ஓசை என்றுகூட அறியேன்.

ஆகவே இட்டுக்கட்டினேன்.

சீமாட்டி விளக்கைத் தணிக்கிறாள்.
சன்னல் சீலை அசைகிறது.
காற்று, என்றேன்.
சீலைக்குக் கீழே இரண்டு சப்பாத்து முனைகள்.
காற்று இல்லை, என்றேன்.
மங்கில் பால் உறைகிற மாதிரி
இருநூறு பேர் மூச்சு உறைந்தது.

ஒரு கடிதம் வருகிறது. படிக்கிறாள்.
கை நெஞ்சுக்குப் போகிறது.
அட்டை. நான்கு வரி, கடைசியில் ஆச்சரியக்குறி.

முன்வரிசையில் பவுனம்மா.
ஏழாம் நம்பர் வெட்டுக்குப் போன வேம்புலி
மாசியிலிருந்து திரும்பவில்லை.
செக்ரோலில் ‘ஓடிப்போனான்’ என்று
சிவப்பு மையில் எழுதியவன் நான்,
கங்காணி சொல்லச் சொல்ல.

ஏன் அப்படி வாசித்தேனோ:
‘உன் புருஷன் ஓடிப்போகவில்லை.
அவன் எங்கே என்று
இந்த அறையிலேயே ஒருவனுக்குத் தெரியும்.’

சீமாட்டி மெல்லத் திரும்புகிறாள், சப்பாத்துகள் பக்கம்.
பின்னால் பெஞ்சு கிரீச்சிட்டது.
யாரோ எழுந்து ஒளிக்குக் குறுக்கே நின்றார்கள்.
தலைப்பாகை நிழலொன்று திரையில் ஏறி
அந்தச் சீலைக்குள்
அளவெடுத்தாற்போல் பொருந்தியது.
சீமாட்டி கத்தினாள், சத்தமில்லாமல்.
பவுனம்மா கத்தவில்லை.
திரும்பியும் பார்க்கவில்லை.
நிழலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

சுருள் அறுந்தது.
வெறும் வெள்ளை, அதில் ஈசல்கள்.
ஆ லோய் ஒட்டியதில் நடுவே கொஞ்சம் போய்விட்டது.
மறுபடி பார்த்தபோது
சீமாட்டி எவனோ ஒருவன் தோளில் சாய்ந்திருந்தாள்.
கை தட்டினார்கள்.
பெஞ்சில் ஓரிடம் காலி.

விடியுமுன் பெரட்டு.
கங்காணி பெயர் கூப்பிட்டார். எல்லாரும் இருந்தோம்.
பவுனம்மா உளியோடு முன்னால் வந்தாள்.
‘எனக்கு ஏழாம் நம்பர் கொடுங்க.’

கங்காணி என்னைப் பார்த்தார்.
நான் சிவப்பு மைப்புட்டியைத்
திருகித் திருகி மூடிக்கொண்டிருந்தேன்.
அது மூடித்தான் இருந்தது.